16 வருடப் பழைய ஃப்ரிட்ஜ்: மாற்றினால் கரண்ட் பில் நிஜமாகவே குறையுமா?

மடிப்பாக்கத்தான் | 6 மே 2025, இரவு 10.42

எல்லோருக்கும் வணக்கம். ரொம்ப நாளாகப் படிப்பதோடு சரி, இன்றைக்குத்தான் முதல் இழை திறக்கிறேன்.

எங்கள் வீட்டில் 2009 தீபாவளிக்கு வாங்கிய 260 லிட்டர் இரட்டைக் கதவு ஃப்ரிட்ஜ் இருக்கிறது. ஐஸ் கட்டாத ரகம். பெண்ணுக்கு இப்போது பதினான்கு வயது, ஃப்ரிட்ஜ் அவளுக்கு அக்கா. குளிர்ச்சியில் குறை ஒன்றும் இல்லை. ஆனால் நாள் முழுக்க முனகிக்கொண்டே இருக்கிறது. இரவு ஒரு மணிக்குத் தண்ணீர் குடிக்க எழுந்தாலும் முனகல், விடியற்காலை பால் பாக்கெட் எடுக்கப் போனாலும் முனகல்.

மார்ச்-ஏப்ரல் ரீடிங் 560 யூனிட், 2,544 ரூபாய் கட்டினேன். போன வருடம் மே-ஜூனில் 780 வரை போனது. மழைக்காலத்தில் 430 பக்கம் வரும். ஏ.சி. ஒன்றுதான், அதுவும் இரவில் மட்டும்.

நேற்று தி.நகரில் விலை விசாரித்தேன். 2 ஸ்டார் 24,000, 3 ஸ்டார் 27,000 என்றார்கள். 5 ஸ்டார் கேட்டேன். ஏறி இறங்கிய மூன்று கடையிலும் இரட்டைக் கதவில் 3-க்கு மேல் காட்டவில்லை, ஐந்தெல்லாம் ஒற்றைக் கதவில்தான் இருந்தது. "இன்வெர்ட்டர் ஃப்ரிட்ஜ் போட்டீங்கன்னா பில் பாதியாயிடும் சார்" என்றான் கடைப் பையன். பாதி என்பதை நான் நம்பவில்லை. எவ்வளவு குறையும் என்றும் தெரியவில்லை. அம்மா வேறு, "இன்வெர்ட்டர் ஃப்ரிட்ஜ்னா கரண்ட் போனாலும் ஓடுமா?" என்று கேட்டார். பதில் தெரியாமல் முழித்தேன். விஷயம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

வோல்ட்மீட்டர் தாத்தா | 7 மே, காலை 6.15

அம்மாவிடம் ஓடாது என்று சொல்லிவிடுங்கள். நம் வீட்டு பேட்டரி இன்வெர்ட்டர் வேறு, இது வேறு. பழைய கம்ப்ரஸருக்குத் தெரிந்தது இரண்டே நிலை: முழு வேகத்தில் ஓடும், இல்லாவிட்டால் நிற்கும். இன்வெர்ட்டர் கம்ப்ரஸர் தேவைக்கு ஏற்ற வேகத்தில் மெதுவாக ஓடிக்கொண்டே இருக்கும். மாட்டு வண்டியைப் பத்தடிக்கு ஒருமுறை நிறுத்திக் கிளப்பினால் மாடு களைத்துப்போகும், ஒரே சீராக நடந்தால் களைக்காது. அவ்வளவுதான் வித்தியாசம்.

கடைக்குப் போகும் முன் பழையது எவ்வளவு தின்கிறது என்று அளந்தீர்களா? அது தெரியாமல் எவ்வளவு குறையும் என்று யாராலும் சொல்ல முடியாது. ஞாயிற்றுக்கிழமை காலை ஒரு மணி நேரம் ஃப்ரிட்ஜைத் தவிர மற்ற எல்லாவற்றையும் அணையுங்கள். ஈ.பி. மீட்டரில் ஒரு சிவப்பு விளக்கு மினுக்கும். யூனிட்டுக்கு எத்தனை மினுக்கல் என்று பக்கத்திலேயே அச்சடித்திருக்கும், என் மீட்டரில் 3200. நிமிடத்துக்கு ஆறு மினுக்கல் என்றால் மணிக்கு 360, ஏறக்குறைய 110 வாட். அந்த ஒரு மணி நேரத்தில் மினுக்கல் எப்போதாவது சட்டென்று மெதுவாகிறதா என்றும் பாருங்கள். மெதுவாகாவிட்டால் உங்கள் கம்ப்ரஸர் நிற்பதே இல்லை என்று அர்த்தம்.

நான் அம்பத்தூரில் ஒரு தொழிற்சாலையில் முப்பது வருடம் மின்பிரிவில் இருந்தவன். அளக்காமல் பேசினால் எனக்குத் தூக்கம் வராது.

ஸ்பேனர் | 7 மே, காலை 9.30

தாத்தா சொல்றது சரி. நான் கொளத்தூர் பக்கம் 22 வருஷமா ஃப்ரிட்ஜ், ஏ.சி. வேலை பார்க்கிறேன். அண்ணா, நாள் முழுக்க முனகுதுன்னா முதல்ல கதவு ரப்பரைப் பாருங்க. பத்து ரூபாய் நோட்டைக் கதவிடுக்கில் பாதி வெளியே தெரியற மாதிரி வைத்துக் கதவைச் சாத்தி, இழுங்க. பிடித்துக்கொண்டு வந்தால் ரப்பர் நல்லா இருக்கு, சும்மா வழுக்கிட்டு வந்தால் போச்சு. நாலு பக்கமும் பாருங்க, முக்கியமா கீல் பக்கத்து மூலை. அங்கேதான் முதல்ல விறைக்கும்.

அடுத்து, ஃப்ரிட்ஜ் சுவரில் ஒட்டி நிற்குதா?

மடிப்பாக்கத்தான் | 7 மே, மதியம் 1.10

ஒட்டித்தான் நிற்கிறது. ஒரு பக்கம் மேற்குச் சுவர், இன்னொரு பக்கம் ஒன்றரை அடியில் அடுப்பு. வீடு கட்டும்போதே அந்த இடத்தை மாடம் மாதிரி ஒதுக்கிவிட்டார்கள். வாஸ்து பார்த்தவர் அதைத் தாண்டி நகர்த்தக் கூடாது என்று அப்போது அம்மாவிடம் சொல்லிவிட்டுப் போனார்.

ஸ்பேனர் | 7 மே, மதியம் 1.25

வாஸ்து பார்த்தவர் கரண்ட் பில் கட்ட வர மாட்டார் அண்ணா. நாலு விரல் முன்னாடி இழுத்து வைங்க.

ஃபில்டர் டிகாஷன் | 7 மே, மாலை 4.50

நான் பெரம்பூரில் இருக்கிறேன். எங்கள் மாமியார் காலத்திலிருந்து ஒரு பழக்கம், ராத்திரி பத்து மணிக்கு ஃப்ரிட்ஜை அணைத்துக் காலை ஐந்துக்குப் போடுவோம். ஏழு மணி நேரம் மிச்சம் இல்லையா? அப்புறம், சூடான சாம்பாரை உள்ளே வைக்கக் கூடாது, அடிக்கடி திறக்கக் கூடாது. இதையெல்லாம் செய்தாலே பாதி மிச்சம். புது ஃப்ரிட்ஜ் வாங்கித்தான் மிச்சம் பிடிக்க வேண்டுமா?

வோல்ட்மீட்டர் தாத்தா | 7 மே, இரவு 8.05

மேடம், கோபித்துக்கொள்ளாதீர்கள். சாம்பாரைக் கணக்குப் போட்டுக் காட்டுகிறேன்.

ஒரு லிட்டர் சாம்பார் 60 டிகிரியில் உள்ளே போகிறது, 5 டிகிரிக்கு இறங்க வேண்டும். 55 டிகிரி வித்தியாசம். வெளியேற்ற வேண்டிய வெப்பம் சுமார் 230 கிலோ ஜூல், யூனிட் கணக்கில் 0.064. ஃப்ரிட்ஜ் ஒரு பங்கு மின்சாரத்துக்கு ஒரு பங்குக்கும் அதிகமான வெப்பத்தை வெளியே தள்ளும். இரண்டு பங்கு என்று வைத்தால் 0.03 யூனிட் செலவு. நீங்கள் எந்த ஸ்லாபில் (யூனிட் ஏற ஏற உயரும் விலைப் படி) இருந்தாலும் நாற்பது பைசாவுக்குள் முடிந்துவிடும். சூடான பாத்திரத்தை வைக்கக் கூடாது என்பது சரியான யோசனைதான். பக்கத்தில் இருக்கும் பாலும் தயிரும் சூடாகும், ஆவி படிந்து ஈரம் சேரும். ஆனால் பில் குறைவதற்கு அது காரணமாகாது.

இரவில் அணைப்பதும் அப்படியே. அணைத்த நேரத்தில் வெளிச்சூடு மெல்ல உள்ளே ஏறும். காலையில் போட்டதும் கம்ப்ரஸர் அந்தச் சூட்டை எல்லாம் இறைத்துக் கொட்ட வேண்டும். மிஞ்சுவது சொற்பம். கத்திரி வெயிலில் ராத்திரியே 30 டிகிரி இருக்கும் ஊரில் ஏழு மணி நேரம் பால் அங்கே இருப்பது நல்லதும் இல்லை.

ஃபில்டர் டிகாஷன் | 7 மே, இரவு 8.40

போன வெள்ளிக்கிழமை பால் திரிந்தது. பால்காரரைத் திட்டினேன். இப்போது யோசிக்கிறேன்.

வாடகைக்காரன் | 8 மே, காலை 11.20

வேளச்சேரியில் இரண்டாம் மாடியில் வாடகைக்கு இருக்கிறேன். எனக்கு ஸ்லாப் எல்லாம் கிடையாது. வீட்டுக்காரர் தனி மீட்டர் வைத்து யூனிட்டுக்கு 10 ரூபாய் வாங்குகிறார். முதல் 100 யூனிட் இலவசம் யாருக்கோ போகிறது, எனக்கு வருவதில்லை. கேட்டால், "தண்ணி மோட்டார் யாருப்பா போடறது?" என்பார்.

என்னிடம் இருந்தது பழைய 165 லிட்டர் ஒற்றைக் கதவு, செகண்ட் ஹேண்டில் 4,000 கொடுத்து எடுத்தது. அளந்து பார்த்தபோது நாளைக்கு 1.4 யூனிட். ஜனவரியில் அதைத் தள்ளிவிட்டு 5 ஸ்டார் ஒற்றைக் கதவு ஒன்று 17,000-க்கு வாங்கினேன். லேபிளில் வருடத்துக்கு 125 யூனிட் என்று இருந்தது. வீட்டில் அளந்தால் நாளைக்கு 0.5 வருகிறது, லேபிளை விடக் கூடுதல். இருந்தாலும் நாளைக்கு 0.9 மிச்சம், வருடத்துக்கு 328 யூனிட். என் கணக்கில் 3,280 ரூபாய். ஐந்து வருடத்தில் ஃப்ரிட்ஜ் இலவசம். வீடு மாறினாலும் கூடவே வரும்.

மடிப்பாக்கத்தான் | 11 மே, மாலை 6.30

அளந்துவிட்டேன். மினுக்கலை எண்ண ஆரம்பித்து, நடுவில் பெண் ஃபேனைப் போட்டுவிட்டாள். கணக்கு கெட்டது. சரி என்று ரிச்சி தெருவில் ப்ளக்கில் மாட்டும் மீட்டர் ஒன்று வாங்கி வந்தேன். மூன்று நாளில் 6.9 யூனிட், அதாவது நாளைக்கு 2.3.

பத்து ரூபாய் சோதனையும் செய்தேன். ஃப்ரீசர் கதவில் நோட்டு நன்றாகப் பிடித்தது. கீழ்க் கதவில் கீல் பக்கத்து மூலையில் நோட்டு தானாகவே நழுவித் தரையில் விழுந்தது. டார்ச்சை எரியவிட்டு உள்ளே வைத்துக் கதவைச் சாத்திவிட்டு விளக்கை அணைத்துப் பார்த்தேன். அந்த மூலையில் வெளிச்சக் கீற்று தெரிந்தது. இத்தனை வருடமாக சமையலறைக்கு நானே ஏ.சி. போட்டுக்கொண்டு இருந்திருக்கிறேன்.

வோல்ட்மீட்டர் தாத்தா | 11 மே, இரவு 7.20

இப்போது பேசலாம்.

2.3 என்றால் இரண்டு மாதத்துக்கு 138 யூனிட். உங்கள் 560-இல் கால் பங்கு அந்த ஒரு பெட்டிக்குப் போகிறது. பில்லைப் பாதியாக்க அதனால் முடியாது, ஆனால் அலட்சியப்படுத்தும் தொகையும் இல்லை.

பலரும் தவறு செய்யும் இடம் ஒன்று உண்டு. மொத்த பில்லை மொத்த யூனிட்டால் வகுத்து, சராசரியாக 4.50 என்று வைத்துக்கொண்டு சேமிப்பைப் பெருக்குவார்கள். அது தப்பு. நீங்கள் குறைக்கும் யூனிட் உச்சியிலிருந்து கழிகிறது, அங்கேதான் விலை அதிகம். 2024 ஜூலையிலிருந்து மானியம் போக நாம் கட்டும் விகிதத்தில் பாருங்கள். 500-க்குள் இருந்தால் முதல் 100 இலவசம், 200 வரை 2.35, 400 வரை 4.70, 500 வரை 6.30. 500-ஐத் தாண்டினால் அந்த 2.35 சலுகையே மறைந்துபோகும். 101-லிருந்து 400 வரை எல்லாமே 4.70, 500-க்கு மேல் 8.40, 600-க்கு மேல் 9.45. சரியாக 500 என்றால் 1,805 ரூபாய். 501 என்றால் 2,048. ஒரே ஒரு யூனிட்டின் விலை 243 ரூபாய்!

உங்கள் வீட்டுக்குப் போடுகிறேன். புதிய 3 ஸ்டார் உங்கள் சமையலறைச் சூட்டில் நாளைக்கு 0.8 எடுக்கும் என்று வைப்போம். இரண்டு மாதத்துக்கு 90 யூனிட் குறையும்.

560 யூனிட் வந்த பில் 470 ஆகும்: 2,544 போய் 1,616. மிச்சம் 928.
780 வந்தது 690 ஆகும்: 4,581 போய் 3,730. மிச்சம் 850.
430 வந்தது 340 ஆகும்: 1,364 போய் 893. மிச்சம் 471 மட்டுமே.

பார்த்தீர்களா, அதே 90 யூனிட்தான். 780-லிருந்து குறைவதை விட 560-லிருந்து குறைவதில் லாபம் அதிகம், நடுவில் 500 என்ற கோடு இருப்பதால். வருடத்துக்கு ஆறு பில், ஒவ்வொன்றிலும் இரண்டு என்று வைத்தால் 4,500 ரூபாய். குளிர்காலத்தில் ஃப்ரிட்ஜே குறைவாக எடுக்கும் என்பதால் கொஞ்சம் கழித்துக்கொள்ளுங்கள்.

கணக்குப்பிள்ளை | 11 மே, இரவு 9.00

தாத்தா கணக்கு சுத்தம். ஆனால் அவர் ஓட்டை ரப்பரோடு இருக்கும் ஃப்ரிட்ஜையும் புது ஃப்ரிட்ஜையும் ஒப்பிடுகிறார். ரப்பரை மாற்றிய பழைய ஃப்ரிட்ஜோடு அல்லவா ஒப்பிட வேண்டும்?

வோல்ட்மீட்டர் தாத்தா | 11 மே, இரவு 9.15

ஒப்புக்கொள்கிறேன். மாற்றிவிட்டு மறுபடி அளக்கச் சொல்லுங்கள்.

ஸ்பேனர் | 12 மே, காலை 8.45

ரப்பர் மாற்றும்போது பின்னாடி கம்பி வலையில் இருக்கிற தூசியையும் தட்டச் சொல்லுங்க. ப்ளக்கைப் பிடுங்கிட்டு பெயின்ட் பிரஷால் தட்டினால் போதும். அந்த வலை வழியாத்தான் உள்ளே இருக்கிற சூடு வெளியே போகுது, தூசி போர்வை மாதிரி மூடிக்கும். புது மாடல்களில் வலை வெளியே தெரியாது, பக்கச் சுவருக்குள்ளே பதிச்சிருப்பாங்க. அதான் பக்கவாட்டைத் தொட்டா சூடா இருக்கும். "புது ஃப்ரிட்ஜ் சுடுது, ரிப்பேர்"னு வாரத்துக்கு ரெண்டு போன் எனக்கு வரும். அது ரிப்பேர் இல்லை. ஆனால் அந்தச் சூடு போக பக்கத்தில் இடம் விடணும்.

ஒற்றைக் கதவு வச்சிருக்கிறவங்களுக்கு ஒரு வேண்டுகோள். ஃப்ரீசர் ஐஸைக் கத்தியால் குத்தாதீங்க. போன மாசம் ஒரு வீட்டில் மீன் பாக்கெட் ஒட்டிக்கிச்சுன்னு ஸ்க்ரூ டிரைவரால் நெம்பி, கேஸ் மொத்தமும் புஸ்ஸுன்னு போச்சு. சுண்டு விரல் பாதி கனத்துக்கு ஐஸ் சேர்ந்தாலே டீஃப்ராஸ்ட் பட்டனை அமுக்கிடுங்க. ஐஸ் கனமானா குளிர் உள்ளே இறங்காது, மோட்டார் சும்மா ஓடும்.

பள்ளிக்கரணை | 12 மே, மதியம் 3.30

2015 வெள்ளத்தில் ஒரு ஃப்ரிட்ஜ் போனது. 2023 டிசம்பர் மிக்ஜாம் புயலில் இன்னொன்று மல்லாந்து மிதந்தது. எனக்கு மிச்சம் பிடிப்பதை விட மாடியில் வைப்பதுதான் முக்கியம். மன்னிக்கவும், தலைப்புக்குச் சம்பந்தம் இல்லை.

வாடகைக்காரன் | 12 மே, மாலை 5.15

ஸ்டெபிலைசர் பற்றி யாரும் பேசவில்லையே? என் பழைய ஃப்ரிட்ஜோடு வந்ததைத் தனியாக மாட்டி அளந்தேன். எதுவும் ஓடாமல் சும்மா இருக்கும்போதே 6 வாட். நாள் முழுக்க, வருடம் முழுக்க என்றால் 52 யூனிட்! புது ஃப்ரிட்ஜில் ஸ்டெபிலைசர் தேவையில்லை என்று எழுதியிருந்ததால் கழற்றிவிட்டேன்.

மடிப்பாக்கத்தான் | 12 மே, மாலை 5.40

நான் கடையில் பார்த்த 2 ஸ்டார் லேபிளில் 236 யூனிட், 3 ஸ்டாரில் 196. வித்தியாசம் 40தான். அப்படியென்றால் ஒரு நட்சத்திரம் முழுவதையும் ஸ்டெபிலைசர் விழுங்கிவிடும் போலிருக்கிறதே.

ஸ்பேனர் | 12 மே, இரவு 7.50

அவசரப்பட்டுக் கழற்றாதீங்க. உங்க தெருவில் வோல்டேஜ் எப்படின்னு பாருங்க, ஃப்ரிட்ஜில் எவ்வளவு வரை தாங்கும்னு எழுதியிருக்கும், ரெண்டையும் ஒப்பிடுங்க. இன்வெர்ட்டர் ஃப்ரிட்ஜில் ஒரு எலக்ட்ரானிக் போர்டு இருக்கு. மழை நாளில் கரண்ட் போய் வந்து போய் வந்து ஆடினால் அடி வாங்கறது அதுதான். "பத்து வருஷ வாரண்டி"ன்னு கடையில் சொல்றது பெரும்பாலும் கம்ப்ரஸருக்கு மட்டும்தான். என் தங்கச்சி வீட்டில் ரெண்டாவது வருஷமே போர்டு போச்சு, நானே மெக்கானிக்காக இருந்தும் 4,500 ஆச்சு. ஒன்றரை வருஷ மிச்சம் ஒரே நாளில் காலி. பில் போடும் முன்னாடி போர்டுக்கு எத்தனை வருஷம்னு எழுதி வாங்குங்க.

வோல்ட்மீட்டர் தாத்தா | 13 மே, காலை 6.30

நட்சத்திரம் பற்றி ஒரு வார்த்தை. இந்த லேபிள் முறையை எரிசக்தி திறன் பணியகம் 2006-இல் தொடங்கியது, ஐஸ் கட்டாத ஃப்ரிட்ஜ்களுக்கு 2010-இல் கட்டாயமாக்கியது. அதன் பிறகு அளவுகோலைப் பல முறை இறுக்கிவிட்டார்கள். மடிப்பாக்கத்தார் ஃப்ரிட்ஜில் 4 ஸ்டார் ஒட்டியிருந்தாலும் அது அந்தக் காலத்து நான்கு, இன்றைய அளவுகோலில் ஒன்றைத் தாண்டுமா என்பதே சந்தேகம். அதனால்தான் கடையில் ஐந்து கிடைக்கவில்லை. பரீட்சை கடினமாகிவிட்டது.

இன்னொன்று, நட்சத்திரம் அந்தந்தக் கொள்ளளவுக்குள் தரப்படும் மதிப்பெண். 330 லிட்டர் 3 ஸ்டார், 240 லிட்டர் 2 ஸ்டாரை விட அதிக யூனிட் தின்னலாம். எனவே கடையில் நட்சத்திரத்தை எண்ணாதீர்கள். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு "வருடத்துக்கு இத்தனை யூனிட்" என்ற எண்ணைப் படியுங்கள், எந்த வருடத்து லேபிள் என்பதையும் பாருங்கள். ஆய்வகத்தில் கதவைத் திறக்காமல் எடுத்த எண் அது. நம் வீட்டில் கூடத்தான் வரும். ஆனால் இரண்டு மாடலை ஒப்பிட அதைவிட நல்ல எண் கிடையாது.

உங்கள் 2-க்கும் 3-க்கும் 40 யூனிட் வித்தியாசம். 8.40 வீதம் போட்டாலும் வருடத்துக்கு 336 ரூபாய். கூடுதல் 3,000 ரூபாயைத் திருப்பி எடுக்க ஒன்பது வருடம். மழைக்கால பில்லை நினைத்தால் இன்னும் தள்ளிப்போகும். பழையதிலிருந்து புதியதுக்கு மாறுவது பெரிய தாண்டல். அதன் பிறகு ஒவ்வொரு நட்சத்திரமும் சின்னப் படிதான்.

மடிப்பாக்கத்தான் | 18 மே, மதியம் 12.15

ரப்பர் மாற்றியாயிற்று. வந்தவருக்குக் கூலியோடு 1,400. கழற்றிய ரப்பரின் மடிப்புக்குள் பதினாறு வருடத்து மாவு, கறிவேப்பிலைக் காம்பு, பெண் சின்ன வயதில் தொலைத்த ஒரு ஹேர்க்ளிப் இருந்தன. அம்மா அந்தக் க்ளிப்பைக் கழுவிப் பத்திரப்படுத்திவிட்டார். பெட்டியையும் நாலு விரல் முன்னால் இழுத்து, தூசியைத் தட்டிவிட்டேன்.

மூன்று நாள் அளந்ததில் நாளைக்கு 1.6.

முனகல் நடுவில் நிற்கிறது. முதல் முறை நின்றபோது ஃப்ரிட்ஜ் போய்விட்டதோ என்று மனைவி ஓடி வந்தாள்.

கணக்குப்பிள்ளை | 18 மே, மதியம் 1.00

சொன்னேன் பார்த்தீர்களா. 1,400 ரூபாயில் நாளைக்கு 0.7 மிச்சம், இரண்டு மாதத்துக்கு 42 யூனிட். அந்த 560 பில் இருந்தால் இப்போது 518, அதாவது 2,191 ரூபாய். 353 ரூபாய் மிச்சம். நான்கே பில்லில் ரப்பர் காசு வந்துவிடும்.

இனி புதியது வாங்கினால் குறைவது 0.8, இரண்டு மாதத்துக்கு 48 யூனிட். தாத்தா வழியிலேயே போட்டால் வருடத்துக்கு 2,500 ரூபாய்தான். 27,000 ரூபாயை வங்கியில் 7 சதவீதத்துக்குப் போட்டு வைத்தால் வட்டியே 1,890 வரும். நிகர லாபம் 600 ரூபாய். இதற்கா இத்தனை அலைச்சல்?

வோல்ட்மீட்டர் தாத்தா | 18 மே, மாலை 5.30

கணக்கு சரி, கேள்விதான் தப்பு. பழைய ஃப்ரிட்ஜ் சாகாவரம் பெற்றதா? பதினாறு வயது. இரண்டு வருடத்திலோ மூன்று வருடத்திலோ எப்படியும் 27,000 செலவழிக்கத்தான் போகிறார். வாங்கலாமா வேண்டாமா என்பது கேள்வி இல்லை, இன்றைக்கா இரண்டு வருடம் கழித்தா என்பதே கேள்வி. அதற்கு உங்கள் 600 ரூபாயே பதில், இன்றைக்கு வாங்கினாலும் நஷ்டம் இல்லை. அதோடு, ஒரு கத்திரி வெயில் மதியம் ஃப்ரிட்ஜ் நின்றுவிட்டால் அன்று சாயங்காலமே கிடைத்ததை கிடைத்த விலைக்கு வாங்குவோம். லேபிளைப் படிக்க யாருக்கும் பொறுமை இருக்காது.

கணக்குப்பிள்ளை | 18 மே, மாலை 6.10

அந்தக் கடைசி வரியை ஏற்கிறேன். என் வீட்டில் அப்படித்தான் ஒன்று வந்து சேர்ந்தது. நான்கு பேர் இருக்கும் வீட்டுக்கு 450 லிட்டர்! பாதி ஃப்ரிட்ஜில் தண்ணீர் பாட்டில்தான் நிற்கிறது.

ஃபில்டர் டிகாஷன் | 19 மே, காலை 10.05

சார், ஆடித் தள்ளுபடி வரை பொறுக்கலாமே. ரப்பர்தான் புதிதாகிவிட்டதே, இரண்டு மாதம் தாங்காதா? நான் ராத்திரி அணைப்பதை நிறுத்தி ஒரு வாரம் ஆகிறது. மாவு புளிப்பதும் குறைந்திருக்கிறது. முன்பெல்லாம் நான்காம் நாள் ஊத்தப்பம்தான் ஊற்ற முடியும், இப்போது ஐந்தாம் நாளும் இட்லி வருகிறது. குமிழை மட்டும் 5-லிருந்து 3-க்கு இறக்கி வைத்தேன்.

ஸ்பேனர் | 19 மே, காலை 10.30

நல்லது அக்கா. நிறைய பேர் எண் ஏறினால் சூடு ஏறும்னு நினைச்சுக்கிறாங்க. எண் ஏற ஏறக் குளிர்தான் ஏறும், கரண்டும் ஏறும். பால் கெடாமல் 4 டிகிரி பக்கம் இருந்தால் போதும்.

மடிப்பாக்கத்தான் | 22 ஜூலை 2025, இரவு 9.50

இழையை மேலே கொண்டுவருவதற்கு மன்னிக்கவும். மே-ஜூன் பில் 741 யூனிட், 4,212 ரூபாய். போன வருடம் இதே பில் 780. ஏ.சி. எவ்வளவு ஓடியது என்பது வருடத்துக்கு வருடம் மாறும் என்பதால் எல்லாப் பெருமையையும் ரப்பருக்குக் கொடுக்கவில்லை.

ஆடி பிறந்த மூன்றாம் நாள் கடைக்குப் போனேன். மே மாதம் 27,000 சொன்ன அதே 3 ஸ்டார், 24,800-க்கு வந்தது. 2 ஸ்டாருக்கும் அதற்கும் வித்தியாசம் 1,200 ஆகச் சுருங்கியிருந்ததால் மூன்றையே எடுத்தேன். லேபிளில் 196 யூனிட், நடப்பு வருட லேபிள்தான். போர்டுக்கு எத்தனை வருடம் என்று கேட்டேன், கடைப் பையன் உள்ளே போய்க் கேட்டுவிட்டு வந்து ஒன்று என்றான். பில்லில் எழுதச் சொன்னேன். ஸ்டெபிலைசரை இப்போதைக்குக் கழற்றவில்லை, ஐப்பசி மழை முடியட்டும்.

வீட்டில் பெரிய பஞ்சாயத்து ஒன்று நடந்தது. எக்ஸ்சேஞ்சில் பழையதுக்கு 1,500 என்றார்கள். "புது ரப்பர் போட்டதை ஆயிரத்து ஐந்நூறுக்கா கொடுப்பே? பின்பக்க பால்கனியில் இருக்கட்டும், மாவும் பூவும் வச்சுக்கறேன்" என்றார் அம்மா. மீட்டரைக் காட்டினேன். பழையது 1.6, புதியது 0.8, சேர்ந்தால் 2.4. இந்த இழையைத் திறந்த அன்று இருந்த 2.3-ஐ விட அதிகம். அம்மா மீட்டரைப் பார்க்கவில்லை, என்னைத்தான் பார்த்தார். கடைசியில் காய்கறி டப்பாவை மட்டும் கழற்றி வைத்துக்கொண்டு பெட்டியை அனுப்ப ஒப்புக்கொண்டார். அதில் இப்போது மண் நிரப்பிக் கொத்தமல்லி விதைத்திருக்கிறார்.

வோல்ட்மீட்டர் தாத்தா | 23 ஜூலை, காலை 6.05

0.8 என்பது நான் சொன்ன உத்தேச எண்தானே, இல்லை அளந்ததா?

மடிப்பாக்கத்தான் | 23 ஜூலை, காலை 7.40

அம்மாவிடம் காட்டியது உங்கள் உத்தேசம்தான். முதல் நாள் 1.3 வந்தது, பயந்துவிட்டேன். வெறும் பெட்டி குளிர்வதற்கு எடுத்தது போலிருக்கிறது. நேற்று முழு நாளும் அளந்ததில் 0.8.

ஸ்பேனர் | 23 ஜூலை, காலை 9.15

உங்க பழசு எங்கே போயிருக்கும் தெரியுமா அண்ணா? ரப்பர் புதுசு, கம்ப்ரஸர் நல்லா இருக்கு. துடைச்சு பாலிஷ் போட்டு ஏதாவது பேச்சிலர் ரூமுக்கு நாலாயிரத்துக்கு வித்திருப்பாங்க.

வாடகைக்காரன் | 23 ஜூலை, காலை 9.40

நான் நாலாயிரம் கொடுத்து வாங்கியதும் அப்படி வந்ததுதான் போல. பாவம், அடுத்த ஆளுக்கு வீட்டுக்காரர் யூனிட்டுக்கு எவ்வளவு போடுகிறாரோ.

ஸ்பேனர் | 23 ஜூலை, காலை 9.45

அது சரி, புதுசுக்குப் பக்கத்தில் இடம் விட்டீங்களா?

மடிப்பாக்கத்தான் | 23 ஜூலை, மதியம் 1.20

நாலு விரல் விட்டிருக்கிறேன். அந்த இடுக்கில் அம்மா முறத்தைச் செருகி வைத்திருந்தார். இப்போதுதான் எடுத்தேன்.